கண்ணாடியை மூடிய துண்டு

ஒன்பது நாட்களாகச் சிறுசு தன் அக்காவின் முகத்தைப் பார்க்கவில்லை. பார்க்கக் கூடாது என்பது அவளே போட்ட நிபந்தனை.

அக்கா என்றால் ஆறு நிமிட அக்கா. இருவரும் இரட்டைப் பிள்ளைகள், ஒரே அச்சு. முதலில் வந்தவள் பெரிசு, பின்னால் வந்தவள் சிறுசு என்று வீட்டில் கூப்பிடத் தொடங்கி, முப்பத்தாறு வயதிலும் அதுவே நின்றுவிட்டது. பெரிசு தன் வீட்டு முன்னறையில் முடி திருத்தும் கடை வைத்திருக்கிறாள். சிறுசு கல்லூரியில் தத்துவம் நடத்துகிறாள். இரண்டு தெரு தள்ளித்தான் குடியிருக்கிறாள். சாயங்காலம் ஆனால் அக்கா வீட்டுக்குப் போய், அங்கே இருக்கும் அப்பாவுக்குச் சாப்பாடு ஊட்டிவிட்டு வருவது வழக்கம்.

அப்பா பேருந்து ஓட்டியவர். ஐம்பது வயதைத் தாண்டியதும் அவர் கைகள் அவர் பேச்சைக் கேட்காமல் போயின. பிறகு தோள், பிறகு கால். இப்போது பேச்சும் கொஞ்சம் குழறுகிறது. நரம்பு நோய், ஒரே ஒரு மரபணுவில் இருக்கும் கோளாறு, மருந்து கிடையாது, போகப் போக நினைவும் மங்கும் என்று மருத்துவமனையில் சொன்னார்கள். பெற்றவருக்கு இருந்தால் பிள்ளைக்கு வரச் சரிபாதி வாய்ப்பு உண்டு. வருமா வராதா என்பதை ரத்தத்தைப் பார்த்தே சொல்லிவிடலாம்.

தெரிந்துகொள்ள வேண்டாம் என்று சிறுசு அன்றைக்கே முடிவு செய்துவிட்டாள். டம்ளர் கைநழுவி விழுந்தால் இன்றைக்கு அது வெறும் டம்ளர். தெரிந்துவிட்டால் விழுகிற ஒவ்வொரு டம்ளரும் செய்தி சொல்லும். அப்படி வாழ அவளால் முடியாது.

பெரிசும் இரண்டு வருடம் அப்படித்தான் இருந்தாள். ஒருநாள் முடி வெட்டிக்கொண்டிருக்கும்போது கத்தரி நுனி ஒரு அம்மாளின் காதில் பட்டுவிட்டது. அந்த அம்மாள் தும்மியதுதான் காரணம். அவரே ஒப்புக்கொண்டு மன்னிப்பும் கேட்டார். ஆனால் அன்று முழுக்கப் பெரிசு தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். மறுநாள், பரிசோதனை செய்துகொள்ளப் போவதாகத் தங்கையிடம் சொன்னாள். அடுத்தவர் கழுத்துப் பக்கத்தில் கூர்மையான பொருளை வைத்துப் பிழைப்பவளுக்குத் தன் கையைப் பற்றித் தெரியாமல் இருப்பது சரியில்லை என்றாள்.

"உன் ரத்தம், உன் முடிவு. என்கிட்ட மட்டும் சொல்லாத," என்றாள் சிறுசு. சொன்னதோடு நிற்காமல், தானே கூட்டிக்கொண்டு போய் மருத்துவமனையில் விட்டாள்.

இங்கேதான் அவள் வாழ்க்கையிலேயே பெரிய தவறைச் செய்தாள். அதை வேறு யாரும் செய்திருக்க முடியாது.

அந்த மருத்துவமனையின் மரபணுப் பிரிவில் ஒரு குழு உண்டு. யாரைக் கேட்டு யார் மரபணுவைப் பார்க்கலாம், பார்த்ததை யாரிடம் சொல்லலாம் என்று விதி எழுதும் குழு. மருத்துவர் அல்லாத ஒருவர் அதில் இருக்க வேண்டும் என்பதால், சிறுசைத் தேடிப் பிடித்துச் சேர்த்திருந்தார்கள். பரிசோதனைக்கு ரத்தம் கொடுப்பவர்கள் கையெழுத்திடும் தாளில் இருக்கும் ஒரு பத்தி அவள் எழுதியது. ஒருவருடைய பரிசோதனை முடிவு அவரைப் பற்றியது மட்டுமே, உறவினரைப் பற்றி அது வாய்ப்பைச் சொல்லுமே தவிர உறுதியைச் சொல்லாது, ஆகவே தெரிந்துகொள்ள ஒருவருக்கு எவ்வளவு உரிமை உண்டோ அவ்வளவு உரிமை தெரியாமல் இருக்க அவர் உறவினருக்கும் உண்டு. மூன்று வாரம் அடித்துத் திருத்தி எழுதியிருந்தாள். நன்றாக இருக்கிறது என்று எல்லோரும் தலையாட்டினார்கள்.

குழுவின் தலைவரான பெண் டாக்டர் அன்று தாழ்வாரத்தில் எதிரே வந்தார். குழுக் கூட்டத்தில் சிறுசை மட்டும்தான் அவர் பார்த்திருக்கிறார். இப்போது அவளையும் பக்கத்தில் நின்ற பெரிசையும் மாறி மாறிப் பார்த்தார்.

"மேடம், நீங்க ரெட்டையா?"

"ஆமா டாக்டர். இவ ஆறு நிமிஷம் மூத்தவ."

டாக்டர் சிறுசின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். சிறுசுக்கு அப்போதுதான் உறைத்தது.

ஒரே கருவிலிருந்து பிரிந்தவர்கள். ஒருத்தியின் மரபணுவில் இருப்பது எழுத்து மாறாமல் மற்றவளிடமும் இருக்கும். ஆளுக்கொரு காசைச் சுண்டிவிட்டிருப்பதாக அவள் நினைத்துக்கொண்டிருந்தாள். இருந்தது ஒரே காசு. அக்காவுக்குப் பூ விழுந்தால் அவளுக்கும் பூ, தலை விழுந்தால் தலை. வாய்ப்பு, உறுதி என்று அவள் பிரித்து எழுதிய பத்தி உலகத்தில் எல்லோருக்கும் பொருந்தும், அதை எழுதியவளுக்குப் பொருந்தாது.

இது எப்படித் தோன்றாமல் போனது என்று பிறகு எத்தனையோ முறை யோசித்தாள். பள்ளியில் பெரிசு பேசியதற்குச் சிறுசை எழுப்பி நிறுத்தினார்கள். நான் இல்லை, அவள் என்று சொன்னதற்கு, ரெண்டும் ஒண்ணுதானே என்று ஆசிரியை சிரித்தார். ஆறு வயதில் அந்த வாக்கியத்தின் மேல் வந்த கோபம் இன்னும் தீரவில்லை. தான் வேறு, அவள் வேறு என்று நிறுவுவதற்காகவே முடியைக் குட்டையாக வெட்டினாள், வேறு பாடம் எடுத்தாள், தத்துவத்துக்கே வந்து சேர்ந்தாள். ஒரே எழுத்தை இரண்டு பேர் இரண்டு விதமாக வாசிப்பதுபோல, ஒரே மரபணு இரண்டு வாழ்க்கையாகும் என்று வகுப்பில் சொல்வாள். சொல்லிச் சொல்லி, எழுத்து ஒன்றுதான் என்பதையே மறந்துவிட்டாள்.

தாழ்வார பெஞ்சில் இருவரும் உட்கார்ந்தார்கள். வேண்டாம் என்று அவள் சொல்லியிருந்தால் பெரிசு எழுந்து வீட்டுக்கு வந்திருப்பாள். அது தெரிந்ததால்தான் சொல்ல முடியவில்லை. அக்காவின் கை அக்காவுடையது. அதைப் பற்றித் தெரிந்துகொள்ளாதே என்று சொல்ல இவள் யார்? அதனால் ஒரு ஒப்பந்தம் போட்டாள். பெரிசு முடிவை வாங்கிக்கொள்ளலாம். ஆனால் நல்லதானாலும் கெட்டதானாலும் ஒரே மாதிரி வாயை மூடிக்கொண்டு இருக்க வேண்டும்.

"நல்லதா இருந்தாலுமா?" என்றாள் பெரிசு.

நல்லதாக இருந்தால் மட்டும் சொல்வது என்று வைத்துக்கொண்டால், சொல்லாமல் இருப்பதே கெட்டது என்று சொன்னதாகிவிடும் என்று சிறுசு விளக்கினாள். மௌனம் பொய்யும் சொல்லக் கூடாது, உண்மையும் சொல்லக் கூடாது, அதற்கு இது ஒன்றுதான் வழி.

"இதைச் சொல்லிக்குடுக்கத்தான் உனக்குச் சம்பளம் தர்றாங்களா?"

"ஆமா."

"பாவம்டி, உன்கிட்ட படிக்குற பிள்ளைங்க," என்று சொல்லிவிட்டு, பெரிசு ரத்தம் கொடுக்க உள்ளே போனாள்.

அப்பாவிடமும் சொல்லக் கூடாது என்று முடிவானது. அப்பா காதில் விழுந்த எதுவும் அன்றைக்கே தெரு முழுக்கப் போய்விடும். பேருந்து ஓட்டிய காலத்திலேயே பயணிகளின் வீட்டு விஷயமெல்லாம் அவர் மூலமாகத்தான் அடுத்த நிறுத்தத்துக்குப் போகும்.

முகம் ஒன்றுதான் மிச்சமிருந்த ஆபத்து. அக்காவின் முகம் இவளுக்குத் தெரியாத முகமா? காலையில் பல் தேய்க்கும்போது பார்க்கிற முகம். அது பொய் சொல்லும்போது கீழுதடு இம்மியளவு உள்ளே மடங்கும். அம்மா உயிரோடு இருந்தவரை இருவரையும் அந்த உதட்டை வைத்துத்தான் பிடிப்பார். ஆகவே முடிவு வரும் நாளிலிருந்து கொஞ்ச காலம் பார்க்காமல் இருப்பது என்று ஏற்பாடானது. போனிலும் பேச்சு கிடையாது. குரலும் முகம் மாதிரிதான்.

ஒன்பது நாளும் குறுஞ்செய்திகள் மட்டும் வந்தன. அப்பா சாப்பிட்டார். அப்பா தூங்கினார். அப்பா கேட்டார், பரீட்சைத் தாள் திருத்துகிறாய் என்று சொன்னேன். முன்பெல்லாம் பெரிசின் செய்தியில் சொல்லை விடச் சிரிக்கிற பொம்மைதான் அதிகம் இருக்கும். இப்போது ஒரு பொம்மைகூட இல்லை. ஒப்பந்தப்படி அவள் நடந்துகொள்கிறாள், அவ்வளவுதான் என்று சிறுசு தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். ஆனாலும் ஒவ்வொரு செய்தியையும் நாலைந்து முறை படித்தாள். 'தூங்கினார்' என்பதற்குப் பின்னால் ஒரு சிரிப்பு இருக்கிறதா, அழுகை இருக்கிறதா என்று தேடினாள். தெரிந்துகொள்ள வேண்டாம் என்று சொன்னவள்தான் இப்படித் தேடிக்கொண்டிருந்தாள்.

நடுவில் குழு கூடியது. பத்தியை மாற்றி எழுதித் தரும்படி டாக்டர் மென்மையாகக் கேட்டார். கேட்டுவிட்டு, மேசையில் இருந்த தாளைப் பார்த்தபடி இன்னொன்றும் சொன்னார். தெரியாமல் இருக்க உரிமை உண்டு என்று எழுதியது சரிதான், ஆனால் அந்த உரிமைக்குக் காவல் நிற்பது யார், அவருக்கு எத்தனை மணி நேர வேலை, விடுப்பு உண்டா என்று எழுதவில்லையே என்றார். மற்றவர்கள் சிரித்தார்கள். சிறுசுக்குச் சிரிப்பு வரவில்லை.

ஒன்பதாம் நாள் மத்தியானம் பெரிசிடமிருந்து செய்தி வந்தது.

முடி காதுக்கு வந்திருக்கும். வா. கண்ணாடியை மூடிவிட்டேன்.

கடையில் வாடிக்கையாளர் யாரும் இல்லை. சுவரில் இருந்த பெரிய கண்ணாடி மேல் குளியல் துண்டு ஒன்று தொங்கியது. இரண்டு மூலையிலும் முடிக்குக் குத்தும் கிளிப்பைக் குத்தி நிறுத்தியிருந்தாள். பெரிசு முகமூடி போட்டிருந்தாள், சாயம் பூசும்போது வாடைக்காகப் போடுவது. தொப்பியையும் நெற்றிவரை இழுத்துவிட்டிருந்தாள். கொள்ளையடிக்க வந்தவள் மாதிரி இருக்கிறாய் என்று சொல்ல நினைத்து, சிறுசு தலையைக் குனிந்துகொண்டாள். பார்க்கக் கூடாது.

மூலையில் அப்பா அவருடைய நாற்காலியில் இருந்தார். பக்கத்தில் கூடை நிறையத் துவைத்த துண்டுகள். கைக்கு ஏதாவது வேலை இருந்தால் ஆட்டம் கொஞ்சம் அடங்கும் என்பதால், துண்டு மடிக்கும் வேலையைப் பெரிசு அவருக்குக் கொடுத்திருந்தாள். அவர் மடிப்பார், மடிப்பு கலையும், மறுபடி மடிப்பார். இளையவளைக் கண்டதும் அவர் உடம்பு முழுக்கச் சிரித்தது.

"தாள்... தீந்துதா?"

"தீந்துதுப்பா," என்று சொல்லும்போது சிறுசின் கீழுதடு மடங்கியது. அவளுக்கே அது தெரிந்தது.

நாற்காலியில் உட்கார்ந்தாள். பெரிசு கழுத்தைச் சுற்றித் துணியைக் கட்டினாள், முடியில் தண்ணீர் தெளித்தாள், சீப்பைப் போட்டாள். கண்ணாடி இல்லாமல் முடி வெட்டிக்கொள்வது விசித்திரமாக இருந்தது. எதிரே பச்சைத் துண்டு. கத்தரிச் சத்தம் மட்டும் காதுக்குப் பக்கத்தில் வந்து வந்து போனது. முகம் இல்லையென்றதும் சிறுசின் கவனமெல்லாம் அக்காவின் விரல்களுக்குப் போய்விட்டது. அழுத்தம் அதிகமோ? விரல் வழக்கத்தைவிட மெதுவாக நகர்கிறதோ? தெரியாமல் இருப்பதற்கு எவ்வளவு பாடுபட வேண்டியிருக்கிறது என்று நினைத்துக்கொண்டாள்.

"கடைக்கு வர்றவங்க எல்லாம் எனக்குப் பல்வலின்னு நினைச்சுட்டு இருக்காங்க," என்றாள் பெரிசு திடீரென்று, முகமூடிக்குள்ளிருந்து. "சிரிக்கல, அழல, ஒன்பது நாளா மூஞ்சிய மரக்கட்டை மாதிரி வச்சிருக்கேன். ஒருத்தங்க கிராம்புத் தைலம் வாங்கிக் குடுத்துட்டுப் போனாங்க."

"நான் வரல தானே. அப்புறம் யாருக்காக மூஞ்சிய அப்படி வச்சிருக்க?"

பெரிசின் கையிலிருந்த சீப்பு அப்பா இருந்த பக்கம் ஒரு கணம் நீண்டு, திரும்பி வந்தது.

அப்பா எழுந்து வந்துகொண்டிருந்தார். கழுத்தைத் துடைக்க அவர் மடித்த துண்டு ஒன்றைக் கொண்டுவருவதும் அவர் வேலைதான். நடை அலைந்தது, ஆனாலும் விழாமல் வந்து சேர்ந்தார். துணிக்கு வெளியே சிறுசு கையை நீட்டினாள். அவர் துண்டைக் கொடுத்தார். கொடுத்த பிறகும் அவள் கையை விடவில்லை. பக்கத்து முக்காலியில் உட்கார்ந்து, அவள் கையைத் தன் முழங்கால் மேல் வைத்து, விரல்களைப் பிரித்து விட்டுக் குனிந்து பார்த்தார். சின்ன வயதில் நகம் வெட்டியிருக்கிறதா என்று பார்ப்பாரே, அதே மாதிரி.

"தினமும் காலையில என் கையையும் இப்படித்தான் பாக்குறாரு," என்றாள் பெரிசு. குரல் தணிந்திருந்தது. "ஆடுதா, ஆடுதான்னு. அவரு முன்னாடிதான் மரக்கட்டை."

சிறுசின் கை ஆடியது. அப்பாவின் கை பிடித்திருந்ததால் ஆடியது. அவருடைய நடுக்கம் இவள் விரல் நுனிவரை வந்து போய்க்கொண்டிருந்தது. அவர் அதைப் பார்த்தார். இன்னும் இறுக்கிப் பிடித்தார், நிறுத்தப் பார்ப்பதுபோல. இறுக்க இறுக்க இரண்டு கைகளும் சேர்ந்து ஆடின. ஆடுவது யார் கை என்று அவரால் கண்டுபிடிக்க முடியவில்லை. நிமிர்ந்து மகளைப் பார்த்தார். அவர் கண் நிறைந்திருந்தது.

"உனக்கும்... குடுத்துட்டேனா?"

"அப்பா, ஆடுறது உங்க கைப்பா. என் கை இல்ல."

அவர் தலையை ஆட்டினார். நம்பினாரா என்று தெரியவில்லை. கையை விடவும் இல்லை.

சிறுசு எதிரே இருந்த துண்டையே பார்த்தாள். மூன்று வாரம் திருத்தி எழுதிய பத்தியில் யார் யாரெல்லாம் இருந்தார்கள் என்று நினைத்துப் பார்த்தாள். ரத்தம் கொடுப்பவர் இருந்தார். அவர் கூடப்பிறந்தவர்கள் இருந்தார்கள். பிறக்கப் போகும் பிள்ளைகள்கூட இருந்தார்கள். பெற்றவர் அதில் இல்லை. கொடுத்தோமா கொடுக்கவில்லையா என்று தெரியாமல், ஒவ்வொரு காலையும் மகளின் விரல்களைப் பிரித்துப் பார்க்கிற ஒருவர் அவள் நினைவுக்கே வரவில்லை. இன்னும் ஒரு வருடமோ இரண்டு வருடமோ, அதற்குப் பிறகு யார் என்ன சொன்னாலும் அவருக்குப் புரியாமல் போய்விடலாம். இவள் தெரியாமல் இருப்பதற்காக அவரும் தெரியாமல் இருக்க வேண்டியிருந்தது. அக்கா ஒரு ஆளாக, விடுப்பில்லாமல் காவல் நின்றுகொண்டிருந்தாள்.

"பெரிசு," என்றாள். "சொல்லிடு."

கத்தரி நின்றது.

"ஒப்பந்தம்?"

"நான் போட்டதுதானே. நானே எடுத்துக்கறேன்."

"அப்பாவை வச்சுக்கிட்டா கேக்குற? யோசிச்சுத்தான் கேக்குறியா?"

யோசித்துத்தான் கேட்டாள். முடிவு கெட்டதாக இருந்தால் அக்கா ஒருநாளும் அப்பா முகத்துக்கு நேரே அதைச் சொல்ல மாட்டாள். கூசாமல் பொய் சொல்வாள். அப்பா நிம்மதியாகத் துண்டு மடிக்கப் போவார். சிறுசு மட்டும் அந்தக் கீழுதடு மடங்குவதைப் பார்ப்பாள். பிறகு காவலுக்கு இரண்டு பேர் ஆகிவிடுவார்கள். அதற்கும் அவள் தயார். விழுகிற டம்ளர் இனிமேல் செய்தி சொன்னால் சொல்லட்டும்.

"அப்பா முன்னாடிதான்," என்றாள். "எனக்கும் கேக்கணும், அவருக்கும் கேக்கணும்."

ஒரு பக்கம் வெட்டி ஒரு பக்கம் விட்ட தலையோடு இருக்கிறவளிடம் எதையும் சொல்ல முடியாது, முடித்துவிட்டுச் சொல்கிறேன் என்றாள் பெரிசு. சிறுசு தலையாட்டப் போக, ஆட்டாதே என்று உச்சந்தலையில் ஒரு தட்டு விழுந்தது. பழைய தட்டு. ஒன்பது நாளாகக் கிடைக்காத தட்டு.

மிச்சப் பாதியை அவசரப்படாமல் வெட்டினாள். காதுக்குப் பின்னால் கத்தரியைச் செருகி, நுனியைத் தோலில் படாமல் நகர்த்தினாள். அந்தக் கை ஆடவில்லை. அதிலிருந்து எதையும் ஊகிக்கக் கூடாது என்று சிறுசு தன்னை அடக்கிக்கொண்டாள். இன்றைக்கு ஆடாத கை நாளைக்கு ஆடலாம். அப்பா அவள் கையைப் பிடித்தபடியே இருந்தார். வெட்டிய முடி இருவரின் மடியிலும் விழுந்தது.

வெட்டி முடிந்ததும், அப்பா மடித்த துண்டால் பெரிசு தங்கையின் கழுத்தைத் துடைத்தாள். தொப்பியைக் கழற்றினாள். முகமூடியைக் கழற்றி அலமாரியில் வைத்தாள். பிறகு முன்னால் வந்து, கண்ணாடி மேலிருந்த கிளிப்புகளை ஒவ்வொன்றாக எடுத்தாள். துண்டு சரிந்து விழுந்தது.

கண்ணாடியில் ஒரே முகம் இரண்டு இருந்தது. ஒன்றுக்குக் குட்டை முடி, ஒன்றுக்குக் கொண்டை. இரண்டுக்கும் நடுவே, கீழே, அப்பாவின் தலை ஆடிக்கொண்டிருந்தது.

"நல்லாப் பாத்துக்கோ," என்றாள் பெரிசு, தன் உதட்டை விரலால் தொட்டுக் காட்டி. "அப்புறம் சந்தேகம் கேக்கக் கூடாது."

சிறுசு பார்த்தாள். பெரிசு நாற்காலிக்குப் பின்னால் போய் நின்று, தங்கையின் தோளில் இரண்டு கைகளையும் வைத்துக்கொண்டாள். அப்பாவுக்குக் காது கொஞ்சம் மந்தம் என்பதால் குரலை உயர்த்தினாள். உயர்த்தும்போது அது உடைந்தது. ஆனால் கீழுதடு இருந்த இடத்திலேயே இருந்தது.

"இல்லப்பா. எங்க ரெண்டு பேருக்குமே இல்ல."